ஸ்பீக்கர் வயர்

9 ஜூலை 2004, வெள்ளி

பழைய டிவி கேம்களைக் கம்ப்யூட்டரில் ஓட்டும் எமுலேட்டரை நானே போட்டுவிட்டேன். பிரவுசிங் சென்டரில் சிடியில் ஏற்றி வந்த கேம்களை, என் பெயரில் ஒரு ஃபோல்டர் திறந்து அதில் சேர்த்தேன். எல்லாம் பையன் சின்ன வயதில் என்னிடம் தோற்ற கேம்கள். நன்றாக ஓடின, சத்தம் மட்டும் வரவில்லை. காலை முழுக்க செட்டிங்ஸை மாற்றி மாற்றிப் பார்த்தேன். பிறகுதான் உறைத்தது. இவருக்கு நைட் ஷிப்ட் வாரம் தொடங்கினால் காலிங் பெல் வயரைக் கழற்றி வைப்பேன். அதே பழக்கத்தில் திங்கட்கிழமை ஸ்பீக்கர் வயரையும் பிடுங்கியது நான்தான்.

ஆத்திரத்தில் செருகினேன். வால்யூம் முழுசாக இருந்திருக்கிறது. தூங்கிக்கொண்டிருந்தவர் எழுந்து வந்துவிட்டார்.

"மைன்ஸ்ல ராவெல்லாம் முழிச்சிட்டு வந்து இப்பதான் கண்ணசந்தேன். இந்த வயசுல உனக்கு கேம் கேக்குதா? பையனோட கம்ப்யூட்டர் அது. எல்லாத்தையும் அழிச்சிடு."

"சத்தம் வந்தது என் தப்புதாங்க. ஆனா அழிக்க மாட்டேன். பையன் ஹாஸ்டல்ல இருக்கான், கம்ப்யூட்டர் இங்க சும்மாதான கெடக்குது."

அவர் திரும்பப் போய்ப் படுத்துக்கொண்டார். ராத்திரி டிபன் பாக்ஸைத் தானே எடுத்துக்கொண்டு ஷிப்டுக்குப் போனார். போகட்டும். இவர் தூக்கத்துக்காகப் பகலில் குக்கர் விசிலைக்கூட நான் அடிக்க விட்டதில்லை. அதில் எனக்கு வருத்தமும் இல்லை. ஆனால் இந்த குவார்ட்டர்ஸில் என் பெயரில் இருப்பது அந்த ஒரு ஃபோல்டர்தான்.

இப்போது சத்தமாக வைத்து விளையாடிவிட்டு வந்துதான் எழுதுகிறேன். காலையில் அவர் வருவதற்குள் வயரைப் பிடுங்கிவிடுவேன். வயரை மட்டும்.