நூவாலே கடலில் ஒரு பந்தயம்

ஹத்துமேரி
3 ஆகஸ்ட் 1984

அன்பு மகள் யோசினாவுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லாரும் சுகம். கிராம்பு இந்த வருடம் ஏமாற்றவில்லை. முற்றம் முழுக்கக் காய்கிறது. உன் அம்மா கோழிகளோடு நாள் முழுக்கச் சண்டை போடுகிறாள். விரிகுடாவில் மிதக்கும் நம் மீன்பிடி மேடையில் விளக்கு வைத்தால் போதும், நெத்திலி கொட்டுகிறது. படகில் சாகோ ரொட்டி அனுப்பியிருக்கிறோம். விடுதிச் சோற்றில் நீ இளைத்துப் போயிருப்பாய் என்பது அம்மாவின் தீர்மானம்.

நீச்சல் தேர்வுப் போட்டியில் நீ ஜெயித்ததை ஆராதனை முடிந்ததும் எல்லாருக்கும் அறிவித்தார்கள். தேசிய விளையாட்டுக்குப் போகும் முதல் ஹத்துமேரிப் பெண் நீதான். ஆனால் ஒரு விஷயம். சுற்றி வளைக்காமல் சொல்லிவிடுகிறேன்.

செவ்வாயன்று நூவாலேயிலிருந்து பெத்ருஸ் வந்தான். உனக்கு அடுத்ததாக வந்த ரிபேக்காவின் அப்பா. நம் ஊர்த்தலைவர் முன்னால் உட்கார்ந்து என்னிடம், "அண்ணே, பேலா பேரால ஒண்ணு கேக்குறேன். பட்டர்ஃபிளைக்கு ஒரு ஆளத்தான் அனுப்புறாங்க. அந்த எடத்த என் பொண்ணுக்கு விட்டுக்குடுங்க" என்றான்.

பேலா சத்தியத்தைப் பற்றி நான் உனக்குப் பாடம் எடுக்க வேண்டியதில்லை. இரண்டு ஊர் முன்னோரும் ரத்தம் கலந்து குடித்துச் சகோதரர் ஆனவர்கள். ஒருவர் கேட்டால் மற்றவர் இல்லை என்று சொல்லக்கூடாது. நம் தேவாலயம் எரிந்தபோது கூரைக்கான மரம் முழுவதையும் அவர்கள்தான் சுமந்து வந்தார்கள். நான் சரி என்று சொல்லிவிட்டேன். உடம்பு சரியில்லை என்று அணிப் பொறுப்பாளருக்கு எழுதிக் கொடுத்துவிடு. அடுத்த தேர்வு வராமலா போகும்?

அன்புடன்,
அப்பா எலியாசர்


ஆம்போன்
9 ஆகஸ்ட் 1984

அன்புள்ள அப்பாவுக்கு,

ரொட்டி வந்தது. நான் இளைக்கவில்லை என்று அம்மாவிடம் சொல்லுங்கள். உடம்பு நன்றாகவே இருக்கிறது. அதனால் சரியில்லை என்று எழுத மாட்டேன்.

அவர்கள் மரம் கேட்டால் வெட்டிக் கொடுங்கள். படகு கேட்டால் அவிழ்த்துக் கொடுங்கள். என் தோள் உங்கள் தோட்டத்தில் விளையவில்லை அப்பா. தினமும் இருட்டோடு எழுந்து அந்தக் குளிர்ந்த குளத்தில் இறங்கியவள் நான். ஒரு கிளாஸ் சோப்பிச் சாராயத்தோடு அத்தனையையும் தூக்கிக் கொடுத்தீர்களே, என்னிடம் ஒரு வார்த்தை கேட்கத் தோன்றவில்லையா?

தேர்வு முடிந்து ரிபேக்கா ஊருக்குக் கிளம்பும்போது என் கையைப் பிடித்து, "அடுத்த தடவ உன்ன முழுங்கிடுவேன்டி" என்றாள். அப்படிச் சொன்னவள் தன் அப்பாவைப் பிச்சைக்கு அனுப்பியிருப்பாள் என்று நான் நம்பவில்லை.

நான் நீந்துவேன்.

உங்கள் மகள்,
யோசினா


ஹத்துமேரி
14 ஆகஸ்ட் 1984

யோசினாவுக்கு,

உன் கடிதத்தை அம்மாவுக்கு முழுதாக வாசித்துக் காட்டவில்லை. சத்தியத்தை மீறினால் கடல் சும்மா விடாது என்று ஊரே பேசுகிறது. நேற்று யாக்கோபுவின் வலை கிழிந்தது. அதற்கும் உன்னைத்தான் சொல்கிறார்கள். "டவுன் தண்ணி குடிச்சதும் ரத்தம் மறந்துபோச்சா உன் மகளுக்கு?" என்று என் முகத்துக்கு நேரே கேட்கிறார்கள்.

எனக்கு இரண்டு நாக்கு கிடையாது. கொடுத்த சொல் கொடுத்ததுதான். நீ நீந்துவதானால் கிறிஸ்துமஸுக்கு இந்த வீட்டுப் படி ஏற வேண்டாம்.

அப்பா


ஆம்போன்
28 ஆகஸ்ட் 1984

அன்புள்ள அப்பாவுக்கு,

வேறு யாரும் வந்து சொல்வதற்கு முன் நானே சொல்லிவிடுகிறேன். ஞாயிற்றுக்கிழமை நூவாலேக்குப் போனேன். ஆராதனை முடிந்து எல்லாரும் வழக்கமான ஞாயிறு கறுப்பு உடுப்போடு வெளியே வந்தபோது தேவாலயப் படியில் நின்று, "நான் ஹத்துமேரி எலியாசர் மக. பேலா பேரால ஒண்ணு கேக்க வந்திருக்கேன்" என்று கத்தினேன்.

"கேளு தங்கச்சி. இல்லன்னு சொல்ல எங்களுக்கு ஏது வாய்?" என்றார் அவர்கள் ஊர்த்தலைவர்.

"ரிபேக்கா என்னோட மறுபடி நீந்தணும். ஜெயிக்கிறவ போகட்டும்."

பெத்ருஸ் முகம் போன போக்கைப் பார்த்திருக்க வேண்டும் நீங்கள்! "அதான் உங்கப்பா சரின்னுட்டாரே" என்றார். "நீங்க எங்கப்பாகிட்ட கேட்டீங்க. நான் உங்க ஊர்கிட்ட கேக்குறேன். இல்லன்னு சொல்லுங்க பாப்போம்" என்றேன். கூட்டம் சிரித்தது. ரிபேக்காவுக்கு அப்போதுதான் விஷயமே தெரிந்தது. "எனக்காகப் போய் கையேந்துனீங்களா?" என்று தன் அப்பாவைக் கேட்டுவிட்டு, என் பக்கம் திரும்பி, "எப்ப நீந்தணும், இப்பவேவா?" என்றாள்.

பெத்ருஸ் லேசுப்பட்டவரா? "அப்ப நானும் பேலா பேரால ஒண்ணு கேக்குறேன். குளத்துல வேணாம். எங்க கடல்ல நீந்து" என்றார். இல்லை என்று சொல்ல எனக்கும் வாய் இல்லை.

படகுத்துறையிலிருந்து போய் அவர்களுடைய மீன்பிடி மேடையைத் தொட்டுத் திரும்ப வேண்டும். போகும்போது நான்தான் முன்னால். திரும்பும்போது நீரோட்டம் என்னைப் பக்கவாட்டில் இழுத்தது. அவளுக்கு அந்தத் தண்ணீர் தெரியும். பாறை ஓரமாக வளைந்து வந்தாள். நான் வீம்புக்கு நேராக முட்டிக்கொண்டு வந்தேன். அவள் கைதான் முதலில் துறையைத் தொட்டது.

தோற்றுவிட்டேன் அப்பா. அழுதேன், மறைக்க மாட்டேன். ரிபேக்கா என் தலையைத் துவட்டிவிட்டு, "குளம்னா நீதான்டி ஜெயிப்ப. எனக்கு இது வேணாம்" என்றாள். "என்கிட்டருந்துதான வாங்குன? வச்சுக்க. அடுத்த தேர்வுல திருப்பி வாங்கிக்கிறேன்" என்றேன். நேற்றே பொறுப்பாளருக்கு எழுதிக் கொடுத்துவிட்டேன். உடம்பு சரியில்லை என்றல்ல, தோற்றேன் என்று.

உங்கள் சொல்லைக் காப்பாற்றினேன் என்று ஊர் நினைக்கும். அப்படி இல்லை. நீங்கள் கொடுத்த எதையும் அவள் எடுத்துக்கொள்ளவில்லை. கிறிஸ்துமஸுக்கு வரட்டுமா என்றும் நான் கேட்கப்போவதில்லை.

யோசினா


ஹத்துமேரி
6 செப்டம்பர் 1984

அன்பு மகள் யோசினாவுக்கு,

ஊர்த்தலைவர் வீட்டில் எல்லாருக்கும் சோப்பி ஊற்றினார்கள். "எலியாசர் மக அப்பன் சொல்லத் தட்டல, சத்தியத்தக் காப்பாத்திட்டா" என்று ஒரே கொண்டாட்டம். நான் கிளாஸைக் கீழே வைத்துவிட்டேன். "அவ என் சொல்லக் கேக்கல. நீந்தித் தோத்தா. ரெண்டும் வேற" என்றேன். அன்றிலிருந்து பாதிப் பேர் என்னோடு பேசுவதில்லை. பேசாமல் கிடக்கட்டும்.

இனி உன் நீச்சலைக் கேட்டு யார் வந்தாலும் உன்னிடமே அனுப்புவேன். பேலாவே ஆனாலும் சரி.

நூவாலேயில் மேடை எவ்வளவு தூரத்தில் நிற்கிறது என்று ஆள் அனுப்பிக் கேட்டேன். நம் மேடையை அவிழ்த்து இழுத்துப் போய், அதைவிடத் தள்ளி நங்கூரம் போட்டிருக்கிறேன். அங்கே நெத்திலி வராது. அம்மா திட்டித் தீர்க்கிறாள். கிறிஸ்துமஸ் வரை காத்திருக்காதே, அடுத்த படகிலேயே வா. சாயங்காலத்தில் நீரோட்டம் கிழக்கே இழுக்கிறது.

உன் அப்பா