வாணி விழாவுக்கு வந்த நடிகை

08.10.2005, சனி
கெல்சென்கிர்ச்சன், ஜேர்மனி

படவிழாவுக்கு வந்திருக்கிற யப்பான் நடிகையை நான்தான் கூட்டிக்கொண்டு திரியிறன். ஒருகாலத்தில பெரியாக்களுக்கு மட்டுமான படங்களில கொடிகட்டிப் பறந்தவ. உடுப்பில்லாமல் நடிச்சதைப் பற்றி, சமையல் குறிப்புச் சொல்லுற மாதிரிச் சாதாரணமாக் கதைப்பா. அந்தப் படங்களில ஒண்டைத்தான் படவிழாவிலயும் காட்டுகினம். நான் அம்மாவுக்கு "நடிகை" எண்டு மட்டும்தான் சொன்னனான்.

அது காணுமாயிருந்தது. இண்டைக்குத் தமிழ்ப் பள்ளிக்கூட வாணி விழாவுக்கு அம்மா அவவைப் பிரதம விருந்தினராக்கிப்போட்டா. அவ குத்துவிளக்கை ஏத்தி, எல்லாருக்கும் குனிஞ்சு வணக்கம் சொல்லி, ரெண்டாந்தரமும் சுண்டல் கேட்டு வாங்கிச் சாப்பிட்டா.

விழா முடிய அம்மா கேட்டா, "இவவின்ர படம் எப்ப?"

"நாளைக்குப் பின்னேரம். உங்களுக்கு விளங்காதம்மா."

"விளங்காட்டி என்ன? எங்கட விழாவுக்கு அவ வந்தவ. அவவின்ரைக்கு நாங்கள் போகாட்டி முறையில்லை."

பள்ளிக்கூட அதிபரும் ஓம் எண்டார். அப்பாவும் வாறாராம். ரீச்சர்மார் எல்லாரும் சீலையோட வருகினமாம்.

ஹோட்டலுக்குப் போகேக்க நடிகையிட்டை விசயத்தைச் சொன்னன். அவவே வேண்டாம் எண்டு சொல்லுவா எண்டு நினைச்சன்.

"என்ர வீட்டில இருந்து ஒருத்தரும் ஒருநாளும் என்ர படம் பார்க்க வந்ததில்லை" எண்டா. பிறகு, "எத்தினை பேர் வருகினம்?"

முன்வரிசை முழுக்கப் பிடிச்சு வைச்சிட்டன். ஆனா அப்பாவுக்குப் பக்கத்தில மட்டும் என்னால இருக்க ஏலாது.