துள்ளல் வகுப்பு

அன்புள்ள மச்சானுக்கு,

நான் நலம் என்று எழுதிவிட்டு நீ நலமா என்று கேட்கக் கூச்சமாக இருக்கிறது. போனில் பேசினால் ஏதாவது கிண்டல் செய்து பேச்சை மாற்றிவிடுவாய். அதனால்தான் எழுதுகிறேன். வீட்டில் தங்கச்சியையும் பக்கத்தில் உட்காரவைத்துப் படி.

நீ ஊருக்குப் போன பிறகு நம் மெத்தைக் கம்பெனியில் ஒரு புதுக் கூத்து. ஸ்பிரிங் பிரிவில் எல்லோரும் சோர்ந்து கிடக்கிறோமாம். உற்சாகமூட்ட வெளியிலிருந்து ஒரு மேடத்தை அழைத்து வந்தார்கள். சாப்பாட்டு நேரத்தில் பாதியைப் பிடுங்கிக்கொண்டு வகுப்பு. சுவர் முழுக்க இங்கிலீஷ் வார்த்தைகள். எலாஸ்டிக் என்றால் இழுத்துவிட்டாலும் பழைய அளவுக்கு வருவது. ரெசிலியன்ட் என்றால் அடிபட்டாலும் மீண்டு எழுவது. பாயன்ட் என்றால் மூழ்காமல் மிதப்பது, மனசும் அப்படி இலேசாக இருப்பது. எபுலியன்ட் என்றால் உற்சாகம் பொங்கி வழிவது. எல்லாம் ஒரே குடும்பத்து வார்த்தைகளாம். நாமும் ஒரே குடும்பமாம்.

மிதப்பதைப் பற்றிச் சொன்னபோது பேக்கிங் அக்கா சோற்றுப் பாத்திரத்தை மூடிக்கொண்டே, "பொணமும்தான் மிதக்குது மேடம்" என்றாள். மேடம்கூடச் சிரித்துவிட்டார். சூப்பர்வைசர் சிரிக்கவில்லை. மறுநாளே அக்காவைக் குடோனுக்கு மாற்றிவிட்டான்.

ரெசிலியன்ட்டுக்கு உதாரணமாக மேனேஜர் உன்னைச் சொன்னார். மெஷினில் மூன்று விரல் போயும் ஆஸ்பத்திரிக் கட்டிலில் நர்ஸிடம் ஜோக்கடித்தாயாம். அன்று உன் கூட இருந்தது நான். ஊசி வேலை செய்யும் வரை நீ போட்ட சத்தத்தைக் கேட்டதும் நான்தான். மேனேஜர் அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை.

விஷயத்துக்கு வருகிறேன். ஆண்டு விழாவில் உன்னை மேடையேற்றப் போகிறார்களாமே. "என் அவசரத்தால் நடந்தது, கம்பெனி என்னைக் கைவிடவில்லை, மீண்டு வந்துவிட்டேன்" என்று நீ பேச வேண்டுமாம். பேசினால் கேட்டில் வாட்ச்மேன் வேலை. நீ சரியென்று சொல்லிவிட்டதாகச் சூப்பர்வைசர் சொல்லிக்கொண்டு திரிகிறான்.

அவசரப்பட்டது யார் மச்சான்? கை உள்ளே போகாமல் தடுக்கும் வலைமூடி கீழே இருந்தால் கம்பி சிக்கும்போதெல்லாம் மெஷினை நிறுத்தித்தான் சிக்கெடுக்க வேண்டும், டார்கெட் எட்டாது. அதனால் மூடியைத் தூக்கிக் கட்டச் சொன்னது அந்தச் சூப்பர்வைசர்தானே. "ரெண்டு விரல் உள்ள போனா போதும், எடுத்துடலாம்" என்று செய்து காட்டியதும் அவன்தான், அதுவும் ஓடாத மெஷினில். மேலிடத்திலிருந்து பார்வையிட வரும் நாளில் மட்டும் கட்டை அவிழ்த்து மூடியை இறக்கிவிடுவோம். இப்போதும் அப்படித்தான் நடக்கிறது.

வேலை வேண்டாம் என்று சொல்ல எனக்கு வாயில்லை. பாப்பாவின் பள்ளிக்கூடமும் உன் வீட்டு அடுப்பும் எனக்குத் தெரியும். கேட்டில் உட்கார், வருகிறவன் போகிறவனுக்கெல்லாம் சலாம் போடு, நான் ஒரு வார்த்தை சொல்லமாட்டேன். மீண்டு வந்துவிட்டேன் என்றுகூடச் சொல்லிக்கொள். என் அவசரம் என்று மட்டும் மைக்கில் சொல்லிவிடாதே. அடிபட்டவனே அப்படிச் சொல்லிவிட்டால், மூடியைப் பற்றி அதன்பிறகு யார் வாய் திறக்க முடியும்?

உன் மெஷினுக்குப் புது ஆள் எடுக்கவில்லை. போன வாரத்திலிருந்து அதில் நான்தான் நிற்கிறேன். என் வீட்டில் இன்னும் சொல்லவில்லை. நீ போன் செய்தால் அவளிடம் உளறிவிடாதே.

காயம் நன்றாக ஆறட்டும். பாப்பா நன்றாகப் படிக்கட்டும். தங்கச்சியைப் பதில் எழுதச் சொல். விழாவுக்கு முன்னால் எனக்குக் கிடைக்க வேண்டும்.

அன்புடன்,
உன் மச்சான்