பகலில் வாங்கிய அரக்குச் சேலை

விளாங்குடி,
ஞாயிற்றுக்கிழமை.

வர்ஷினி,

ராமக்காளைத் திருடியாக்கியது நீ தேர்ந்தெடுத்த கண்ணாடி. இதை முதல் வரியிலேயே எழுதிவிட வேண்டும் என்று இருந்தேன், எழுதிவிட்டேன், இனி வழக்கம்போல எழுதுகிறேன். நானும் உன் அப்பாவும் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்கிறோம். தோஹாவில் நீயும் நேரத்துக்குச் சாப்பிட்டு, சைட்டுக்குப் போகும்போது தலையை மூடிக்கொண்டு, ஒரு குறையும் இல்லாமல் இருக்க வேண்டும் என்று திருப்பரங்குன்றத்தில் நின்று கேட்டுக்கொண்டு வந்தேன். அப்பாவுக்கு முழங்கால் வலி குறைந்திருக்கிறது, குறைந்த கையோடு மாடியில் கொடிக்கயிறு கட்டுகிறேன் என்று ஏணியைத் தூக்குகிறார், நீ பேசும்போது ஒரு வார்த்தை சொல். பேசினால் சொல். போனில் நம் வீட்டுப் பாஷையில் பேசிக்கொள்கிறோம், எழுத உட்கார்ந்தால் எனக்குத் தமிழ்தான் கைக்கு வருகிறது. இந்தக் கண்ணாடியைப் பற்றி நான் அனுப்பிய மெசேஜ் எல்லாவற்றிலும் நீல டிக் விழுந்திருக்கிறது, பதில் விழவில்லை. அதனால்தான் காகிதம். ஊரார் கடிதத்துக்கெல்லாம் முத்திரை குத்துகிறவள் நான், என் மகளுக்கு ஒன்று குத்தி அனுப்பினால் என்ன.

ராமக்காளை நீ பார்த்ததில்லை. கார்த்திகேஷ் மாமா சிம்மக்கல் சேலைக் கடையை மூடிவிட்டு இங்கே திண்டுக்கல் ரோட்டில் நீ வரைந்து கொடுத்தபடி புதுக் கடை கட்டிய பிறகு சேர்ந்தவள். சமயநல்லூரிலிருந்து பஸ்ஸில் வருவாள், கல்யாணச் சேலைப் பிரிவில் நிற்பாள். நிற்பாள் என்றால் நிஜமாகவே நிற்பாள். கடையில் வேலை பார்ப்பவர்களுக்கு உட்கார இடம் வேண்டும் என்று சட்டமே வந்துவிட்டது, மாமா கடையில் நாற்காலி சேலை வாங்க வருகிறவர்களுக்கு மட்டும்தான். நான் கேட்டதற்கு, “உக்காந்தா தூங்கிருவாளுக அக்கா” என்றான். அவன் உட்கார்ந்துகொண்டுதான் சொன்னான்.

போன மாதம் ஒரு கல்யாண வீட்டார் பகல் நேரத்தில் வந்து அரக்கு நிறத்தில் பட்டு கேட்டிருக்கிறார்கள். ராமக்காள் எடுத்துப் போட்ட பத்துப் பதினைந்தில் ஒன்று பிடித்துப்போய், கண்ணாடிச் சுவர் ஓரத்திலேயே விரித்துப் பார்த்து, போட்டோ எடுத்து மாப்பிள்ளை வீட்டுக்கு அனுப்பி, சரி என்று பதில் வந்த பிறகுதான் வாங்கிப் போனார்கள். வீட்டில் சாமி முன்னால் வைத்துப் பிரித்தால் மிளகாய்ப்பழச் சிவப்பு. ஒரு கூட்டமாகத் திரும்பி வந்தார்கள். மாப்பிள்ளையின் அம்மா சேலையைக் கடை நடுவில் எறிந்து, “நாங்க பாத்தது ஒண்ணு, நீங்க கட்டிக் குடுத்தது ஒண்ணு, இதுக்குத்தேன் இம்புட்டுப் பெரிய கடையா” என்றாராம். மாமா அந்த போட்டோவையும் சேலையையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தான். அப்போது இருட்டிவிட்டது, கடையில் விளக்கெல்லாம் எரிகிறது. போட்டோவில் அரக்கு, கையில் சிவப்பு. கட்டிக் கொடுக்கும்போது ராமக்காள்தான் மாற்றிவிட்டாள் என்று சொல்ல வேறு சாட்சி தேவைப்படவில்லை. கடைக் கேமராவில் அப்படி ஒன்றும் இல்லை, அதற்கும் மாமா விடை வைத்திருந்தான், துணி மடிக்கும் மேசை கேமராவில் விழாதாம். ராமக்காள் “இதே சேலைதான் சார், என் பிள்ளைக மேல சத்தியம்” என்று திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறாள். மறுநாள் வரவேண்டாம் என்று சொல்லிவிட்டான். அதோடு நிறுத்தினானா, ஜவுளிக் கடைக்காரர்கள் எல்லாரும் இருக்கிற வாட்ஸ்அப் குரூப்பில் அவள் படத்தைப் போட்டு, சேலை மாற்றுகிறவள், சேர்க்காதீர்கள் என்று எழுதிவிட்டான். இப்போது அவள் எந்தக் கடை வாசலில் போய் நின்றாலும் முதலில் போனை எடுத்துப் பார்க்கிறார்கள்.

எனக்கு இதில் சந்தேகம் வந்தது அவள் மேல் இருந்த பாசத்தால் இல்லை, பார்த்ததே நாலைந்து தடவைதான். முந்தின வாரம் வெள்ளிக்கிழமை லீவு போட்டுத் திருப்பரங்குன்றம் போய்விட்டு, அப்படியே வண்டியில் மாமா கடைக்குப் போனேன். உச்சி வெயில் சாய்ந்து மேற்கே இறங்க ஆரம்பித்த நேரம். உள்ளே போய் ஆளுயரக் கண்ணாடியில் முகத்தைப் பார்த்தால் நெற்றியில் குங்குமம் காய்ந்த புளி மாதிரி இருக்கிறது. காலையில் வைத்தது, வியர்வையில் கறுத்துவிட்டது என்று நினைத்து, பொட்டலத்தைப் பிரித்துப் புதிதாக ஒரு தீற்று வைத்தேன். அதுவும் அப்படியே. கலப்படக் குங்குமத்தைத் தலையில் கட்டிவிட்டான் என்று கடைக்காரனை வைதுகொண்டே வெளியே வந்து ஸ்கூட்டர் கண்ணாடியில் பார்க்கிறேன், பளீரென்ற சிவப்பு. திரும்ப உள்ளே போனேன், புளி. வெளியே வந்தேன், சிவப்பு. வாசலில் இருக்கும் செக்யூரிட்டி, “என்னம்மா, எதையும் தொலைச்சுட்டீகளா” என்று கேட்டார். ஆமாம், ஒரு நிறத்தைத் தொலைத்துவிட்டுத் தேடிக்கொண்டிருந்தேன்.

அப்போதிருந்து எனக்குத் தூக்கம் சரியில்லை, கவலையால் பாதி, இது எப்படி நடக்கிறது என்று தெரிந்துகொள்ளும் ஆசையால் பாதி. அந்தச் சுவரை நீ வீடியோ காலில் மாமாவுக்கு விளக்கியது எனக்கு நினைவிருக்கிறது. “மேற்கு பாத்த கட்டடம் மாமா, வெளிச்சம் வரும், சூடு வராது, பகல்ல லைட்டே போட வேண்டாம்” என்றாய். நீ சொன்னது அப்படியே நடக்கிறது. ஏசி பாதி நேரம் ஓடினால் போதும். மாமாவும் பகலில் ஒரு விளக்குப் போட விடுவதில்லை. வெளியிலிருந்து பார்த்தால் மயில் கழுத்து மாதிரி மின்னுகிறது, பஸ்ஸில் போகிறவர்கள் திரும்பிப் பார்க்கிறார்கள். சூட்டை வெளியே நிறுத்திவிட்டு வெளிச்சத்தை மட்டும் உள்ளே விடுவதற்கு அந்தக் கண்ணாடிக்கு யார் சொல்லிக்கொடுத்தது? அப்படிப் பிரிக்கும்போது சிவப்பையும் சேர்த்து வாசலிலேயே நிறுத்திவிடுகிறதா? அப்படியானால் உள்ளே இருக்கிறவர்களுக்கு ஏன் அது உறைக்கவில்லை? கொஞ்ச நேரம் இருந்தால் எனக்கே வெள்ளைச் சுவர் வெள்ளையாகத்தான் தெரிந்தது. கண் இவ்வளவு சீக்கிரம் பழகிவிடுமா? உன் படிப்பில் இதெல்லாம் இருந்திருக்கும், எனக்குப் புரிகிற மாதிரி எழுது.

நீ பதில் சொல்லும்வரை பொறுக்க முடியாமல் சிம்மக்கல்லில் கண்ணாடி வியாபாரம் செய்யும் கண்ணுச்சாமியிடம் போனேன். மாமா கடைக்குச் சரக்கு அனுப்பியவர் அவர்தான். விஷயத்தைச் சொன்னதும், “அக்கா, உங்க மக எழுதிக் குடுத்த சரக்கத்தான் அனுப்புனேன், எங்கிட்டச் சண்டைக்கு வந்துராதீக” என்று முதலிலேயே கையைத் தூக்கிவிட்டார். சண்டைக்கு வரவில்லை, பாடம் கேட்க வந்தேன் என்றேன். டீ வாங்கிக் கொடுத்தார். முன்பெல்லாம் சன்னலுக்கும் பீரோவுக்கும் சாமி படத்துக்கும் கேட்டு வருவார்களாம், இப்போது கட்டடத்துக்கே கேட்கிறார்களாம். ஆஸ்பத்திரி, கல்யாண மண்டபம், பைக் ஷோரூம், டியூஷன் சென்டர், எதையும் விடவில்லை. உடைந்தாலும் குத்தாத கண்ணாடி, நடுவில் பிளாஸ்டிக் தாள் வைத்து ஒட்டிய கண்ணாடி, இரண்டு பலகைக்கு நடுவில் காற்றை அடைத்த கண்ணாடி என்று அவர் சொல்லிக்கொண்டே போக, நான் ஒவ்வொன்றையும் தட்டிப் பார்த்தேன். “வாரவுக எல்லாம் ரெண்டே கேள்விதேன் கேப்பாக. வெளிய இருந்து பாத்தா என்ன கலரு, உள்ள எம்புட்டுச் சூடு குறையும். உள்ள இருக்குற பொருளு என்ன கலர்ல தெரியும்னு இந்தக் கடையில ஒருத்தர் கேட்டதில்ல, நானும் சொன்னதில்ல” என்றார். சூட்டையும் தடுத்து நிறத்தையும் கெடுக்காத சரக்கும் இப்போது வருகிறதாம். ஒரு துண்டை எடுத்துக் காட்டினார், என் குங்குமப் பொட்டலத்தின் மேல் வைத்துப் பார்த்தேன், சிவப்பு சிவப்பாகவே இருந்தது. ஏன் இதை யாரும் வாங்குவதில்லை என்று கேட்டேன். “பாக்கச் சும்மா கண்ணாடி கணக்கா இருக்குல்லக்கா. கண்ணாடி போட்டதே வெளிய தெரியலேன்னா அப்புறம் எதுக்குப் போடணும்பாக” என்று சிரித்தார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவர் கடையிலிருந்து வீடு வரை வண்டியை மெதுவாக ஓட்டிக்கொண்டு ஒவ்வொரு கண்ணாடிச் சுவரையும் பார்த்துக்கொண்டே வந்தேன். ஒன்றில்கூட உள்ளே இருக்கிறவர்கள் தெரியவில்லை, நானும் என் ஸ்கூட்டரும்தான் தெரிந்தோம். உள்ளே எத்தனை பேர் நின்றுகொண்டிருக்கிறார்களோ. பழைய கடையில் யாராவது சேலை எடுத்தால் என்ன செய்வார்கள், உனக்கே தெரியும். “இருங்க, வாசல்ல வச்சுப் பாத்துட்டு வாரேன்” என்று சேலையோடு தெருவுக்கு வந்துவிடுவார்கள், உன் மாமாவே முந்தானையைப் பிடித்துக்கொண்டு வெயிலில் நிற்பான். புதுக் கடையில் பில் போடாத துணி வாசலைத் தாண்டக் கூடாது, செக்யூரிட்டி நிறுத்திவிடுவார். தாண்ட வேண்டும் என்று யாருக்கும் தோன்றவும் இல்லை, சுவர் முழுக்கத்தான் பகல் இருக்கிறதே. அது பகல் இல்லை, பகல் மாதிரி ஒன்று என்று யாருக்குத் தெரியும்? கடையில் வேலை பார்க்கும் பெண்களிடம் தனியாகக் கேட்டேன். நிறம் சரியில்லை என்று திரும்பி வந்த சேலை இது மட்டும் இல்லையாம், வேறு சிலதும் உண்டு, எல்லாம் பகலில் வாங்கியவை. விளக்குப் போட்ட பிறகு வாங்கிய சேலை ஒன்றுகூடத் திரும்பி வந்ததில்லை. இதை ஏன் முதலாளியிடம் சொல்லவில்லை என்றேன். ஒருத்தி சொன்னாள், “சொன்னா அடுத்த போட்டோ எங்களதுதேன் அம்மா.”

நேற்று மாமாவை நேராகவே கேட்டுவிட்டேன். திரும்பி வந்த அந்தச் சேலையைப் பகலில் கண்ணாடி ஓரத்தில் விரி, போட்டோவில் உள்ள அரக்கு வரும் என்றேன். விரிக்கவில்லை. “அக்கா, உனக்குக் கண்ணுல புரை விழுந்திருக்கு, போய்ப் பாரு” என்றான். தபால் ஆபீஸில் உட்கார்ந்துகொண்டு எனக்கு வியாபாரம் சொல்லித்தராதே என்றான். சுவர் மேல் பழி சொன்னால் அதைக் கட்டிய அவன் மேலும் வருமே. கடைசியில் நான் எழுந்து வரும்போதுதான் அந்த வார்த்தையைச் சொன்னான், அவன் சொன்னதை அப்படியே தமிழில் எழுதுகிறேன். “வர்ஷினி சொல்லட்டும். அவ படிச்ச பிள்ள, அந்தக் கண்ணாடியப் போடச் சொன்னவ. அவ சொல்லிட்டா நானே சமயநல்லூர் போய் ராமக்காளக் கூட்டிட்டு வாரேன், அதே குரூப்புல மன்னிப்பும் போடுறேன்.” அக்கா கண்ணால் பார்த்ததை நம்பமாட்டான், குங்குமத்தை நம்பமாட்டான், ஒருத்தி தன் பிள்ளைகள் மேல் வைத்த சத்தியத்தை நம்பமாட்டான், மூவாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கும் உன் ஒரு வாக்கியத்தை நம்புவானாம். எனக்குக் கோபம்தான். ஆனாலும் வாக்கியம் உன்னிடம்தான் இருக்கிறது.

நீ ஏன் பேசவில்லை என்று நானாக யோசித்துப் பார்த்தேன். உன் இணையப் பக்கத்தில் அந்தக் கடைப் படத்தைப் போட்டு, என் பெயரில் முதல் கட்டடம் என்று எழுதியிருக்கிறாய், அப்பா அதை எல்லாருக்கும் காட்டிவிட்டார். நீ வேண்டுமென்று செய்தாய் என்று நான் சொல்லவில்லை. உன்னிடம் சூட்டைக் கேட்டார்கள், சூட்டைக் குறைத்துக் கொடுத்தாய். சேலைக் கடைக்கு நிறம்தானே முதல் என்று சேலைக் கடைக்காரனுக்கும் தோன்றவில்லை, சேலைக்காரக் குடும்பத்தில் பிறந்த உனக்கும் தோன்றவில்லை, எனக்கும்தான். அதுவரை யார் மேலும் வருத்தம் இல்லை. ஆனால் என் முதல் மெசேஜ் வந்ததிலிருந்து உனக்குத் தெரியும். தெரிந்த பிறகு போகிற ஒவ்வொரு நாளும் வேறு கணக்கு. ராமக்காள் இப்போது எங்கே வேலை செய்கிறாள் தெரியுமா, ஒரு மண்டபத்தில் இலை எடுக்கிறாள். அந்த மண்டபத்துக்கும் முன்பக்கம் முழுக்கக் கண்ணாடி.

முறுக்கும் பருப்புப் பொடியும் தனிப் பார்சலில் வருகிறது, பொடியைக் காற்றுப் புகாமல் மூடி வை. கடை டீயைக் குறை. உன் கை தொட்ட வேலையெல்லாம் நிலைக்கட்டும், உன் பெயர் கெடாமல் இருக்கட்டும், தீர்க்காயுசாக இரு. மறக்காமல் ஒன்றே ஒன்று செய். ஒரு நிமிஷம் முகம் காட்டிப் பேசி மாமாவுக்கு அனுப்பு, ராமக்காள் சேலையை மாற்றவில்லை, கண்ணாடி நிறத்தை மாற்றியது, அதைத் தேர்ந்தெடுத்தது நான் என்று.

உன் அம்மா,
சுந்தரவல்லி

திங்கள் சாயங்காலம், ஆபீஸில்: ஒருவேளை இன்றைக்குள் பேசிவிடுவாய், இதை அனுப்ப வேண்டியிருக்காது என்று காலையிலிருந்து ஒட்டாமல் வைத்திருந்தேன். மத்தியானம் மறுபடி ஒரு மெசேஜ் போட்டேன், நீல டிக் விழுந்தது. தபால் பையைக் கட்ட ஆள் வந்து நிற்கிறார், ஒட்டுகிறேன். எப்போது சொல்லப் போகிறாய், வர்ஷினி?