மச்சான் போன் பண்ணினார்

கார்ட்டூம்,
23.4.2023

அன்புள்ள சுஃபியான் அண்ணனுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நெட் எப்போது வருமோ தெரியாது. எழுதி வைக்கிறேன், போகும்போது போகட்டும். நானும் இஃப்ராவும் குளியலறையில் இருக்கிறோம். ஜன்னல் இல்லாத இடம் இது ஒன்றுதான். குண்டு விழுந்தால் பிள்ளை என் வாயைப் பொத்துகிறாள். நான்தான் கத்துகிறேனாம்!

உங்கள் மச்சான் பெருநாளன்று தண்ணீர் பிடிக்கப் போனவர். இரண்டு நாளாகிறது, திரும்பவில்லை. புதன்கிழமை தூதரகத்து பஸ் வருகிறது. துறைமுகம் போய், கப்பலேறி, ஊர் சேரலாம் என்கிறார்கள். அவர் வந்து பூட்டிய வீட்டைப் பார்த்தால் என்ன செய்வார்? அவரில்லாமல் வரமாட்டேன். பயமாக இருக்கிறது அண்ணா. துஆ செய்யுங்கள்.

தங்கை,
சபீஹா

மேற்கு தாம்பரம்,
25.4.2023

அன்புத் தங்கைக்கு,

வ அலைக்கும் ஸலாம். இங்கே ஏர்ஃபோர்ஸ் விமானம் தாழப் பறந்தாலே எழுந்து வெளியே ஓடுகிறேன். கடையில் உட்கார முடியவில்லை. ஸ்டேஷன் ஆட்டோ ரத்தினம், "இன்னா பாய், தங்கச்சிகிட்டேர்ந்து எதுனா தகவல் கீதா?" என்று தினமும் கேட்கிறார். நீ பிடிவாதம் பிடிக்கிறாய் என்று எப்படிச் சொல்வது?

நல்ல செய்தி கேள். இன்று காலை மச்சான் போன் பண்ணினார். யாருடைய போனோ. வேறு பஸ்ஸில் துறைமுகம் போய்விட்டாராம். உங்களுக்காகக் காத்திருக்கிறாராம். அதற்குள் லைன் கட்டாகிவிட்டது. நாளை பஸ் ஏறு. அண்ணன் சொல்கிறேன், ஏறு.

சுஃபியான்

ஜித்தா,
28.4.2023

அன்புள்ள அண்ணனுக்கு,

ஸலாம். கப்பலில் வந்து சேர்ந்தோம். இன்ஷா அல்லாஹ், நாளை சென்னை.

திங்கட்கிழமையே பக்கத்து வீட்டு ஆஸ்டின் சார் உங்கள் மச்சானைக் கண்டுபிடித்துவிட்டார், தண்ணீர் லாரி நின்ற தெருவில். நாலு பேர் ஜனாஸா தொழுது அடக்கம் செய்தார்கள். இஃப்ராவுக்குத் தெரியாது. உங்களுக்கு எழுதவும் கை வரவில்லை. புருஷனை இழந்தவள் இனி நாலு மாதம் பத்து நாள் வாசல் தாண்டக் கூடாது, அந்த இத்தாவை அவர் வீட்டிலேயே கழித்துவிடுவோம், நடப்பது நடக்கட்டும் என்று உட்கார்ந்துவிட்டேன்.

மறுநாள் உங்கள் கடிதம் வந்தது. மச்சான் போன் பண்ணினாராம்! உங்களுக்கு எந்தக் காலத்தில் பொய் சொல்ல வந்தது? சத்தமாகப் படிக்கச் சொன்னாள் இஃப்ரா. படித்தேன். "அத்தா அங்க இருக்காங்களா? வாங்கம்மா, போலாம்" என்று என் கையைப் பிடித்து இழுத்தாள். அவள் இழுத்துத்தான் பஸ் ஏறினேன்.

துறைமுகத்தில் ஒவ்வொரு ஆளாகப் போய் முகத்தைப் பார்த்தாள். அத்தா முந்தின கப்பலில் மாமா வீட்டுக்குப் போய்விட்டார் என்று நானும் சொல்லிவிட்டேன்.

மாடி அறையை எனக்கு இத்தா இருக்க ஒழித்து வையுங்கள். ஏர்போர்ட்டுக்கு அண்ணியையும் கூட்டி வாருங்கள். இஃப்ரா உங்கள் பக்கத்தில் அவள் அத்தாவைத் தேடுவாள். நீங்கள்தான் சொல்ல வேண்டும், அண்ணா. என்னால் முடியாது.

சபீஹா