கறுப்பிக்கு வேண்டிய ஈரச் சக்கை

அன்பு மகள் வினிதாவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நான் சௌக்கியம், உன் அம்மா சௌக்கியம், எருமை கறுப்பி மட்டும் பட்டினி. அதற்குக் காரணம் நீ. போனில் சொன்னால் சரிப்பா சரிப்பா என்று வைத்துவிடுவாய், அதனால்தான் எழுதி, உன் தம்பி பெண்டாட்டி மலரிடம் இதைப் படம் எடுத்து உனக்கு அனுப்பச் சொன்னேன்.

எங்க கம்பெனி மெஷின் நம்ம ஊர் பீர் ஃபேக்டரிக்கே வருதுப்பா என்று ஜெர்மனியிலிருந்து பெருமையாகச் சொன்னாயே, நானும் சடையங்குப்பம் முழுக்க லட்டு கொடுத்தேனே, அந்த மெஷின் செய்த அநியாயத்தைக் கேள். முன்பு பார்லியை ஊறவைத்துச் சாற்றை இறுத்ததும் சக்கையைச் சுடச்சுட வெளியே கொட்டுவார்கள், உன் தம்பி திலீப் மீன்பாடி வண்டியில் அள்ளி வருவான், கறுப்பி தின்றுவிட்டுக் குடம் நிறையக் கறப்பாள். இப்போது யாரோ பொத்தானைத் தட்டினால் சக்கை குழாயிலேயே போய், பிழிந்து, காய்ந்து, மூட்டையாகி லாரி ஏறிவிடுகிறது. அந்த மூட்டைகளில் ஒன்றை வாங்கி ஊறவைத்தும் பார்த்தேன், கறுப்பி முகர்ந்துவிட்டுத் தொட்டியை உதைத்தாள். தினமும் சங்கு ஊதினால் கயிற்றை அறுத்துக்கொண்டு ஃபேக்டரி கேட்டில் போய்ப் படுக்கிறாள். எதிர்வீட்டு ஜெயவேல், இன்னா நைனா, எருமைக்கு சரக்கு கெடைக்காம கை காலு ஒதறுதா, மறுவாழ்வு மையத்துல சேத்துடு என்கிறான். சக்கையில் போதை ஏதடா, நொதிப்பது சாறுதானே என்று தொண்டை கிழியச் சொல்லிவிட்டேன், ஒருவனுக்கும் ஏறவில்லை. பால் அரைச் சொம்புக்கு வந்துவிட்டது. டீக்கடை ஃபரா, இந்த வாரம் பாத்துட்டு பாக்கெட் பாலுக்கு மாறிக்கிறேன் நைனா என்கிறாள். உன் அம்மா மாட்டுத் தரகரை வரச் சொல்லியிருக்கிறாள். கறுப்பியை விற்க நான் கயிற்றைக் கொடுக்க மாட்டேன். மானேஜரிடம் சண்டை போட்டால், டிசைன்லயே அப்டிதான் கீது, உன் பொண்ணாண்ட கேளு என்று சிரிக்கிறார்.

அதனால் கேட்கிறேன். சக்கை காய்வதற்கு முன்னால் அந்தக் குழாயில் ஒரு கதவு வைத்துத் தரவேண்டியது நீ. அதைத் தினமும் திறந்துவிட வேண்டியது மானேஜர். வண்டியோடு போய் நிற்க வேண்டியது திலீப். தரகரைத் திருப்பி அனுப்ப வேண்டியது உன் அம்மா. குளிரில் காதை மூடிக்கொண்டு போ, வேளைக்குச் சாப்பிடு, நூறு வருஷம் நன்றாக இரு. கறுப்பி செய்ய வேண்டியது எதுவும் இல்லை, அவள் தன் வேலையை ஒழுங்காகத்தான் செய்துகொண்டிருந்தாள்.

இப்படிக்கு,
கோபம் தீராத பிரியத்துடன்,
அப்பா தண்டபாணி