செவில் நகரத்து அம்மா

14 மார்ச் 1986, வெள்ளி

இன்றும் போனேன். இன்றும் அதே "குட் ஆஃப்டர்நூன், மை டியர்" தான்.

புறப்படும்போதே மருமகள் சிவகௌரி சொன்னாள்: "மாமி, இந்தக் குளிருக்குள்ள அங்க போய் என்னத்தைக் கண்டனீங்கள்? அவவுக்கு உங்களை ஆரெண்டே தெரியாது. விடுங்கோவன்." விடலாம்தான். இந்த வயதில் தாயைத் தேடிப் போகிறவளுக்குத் தலையில் ஏதோ கழன்றுவிட்டது என்றுதான் யாரும் நினைப்பார்கள். ஆனாலும் இடியப்பத்தையும் சொதியையும் கட்டிக்கொண்டு, கோலியர்ஸ் வுட்டிலிருந்து ஸ்ட்ரெதத்துக்குப் பஸ் ஏறிவிட்டேன்.

இதை ஒரு தரம் ஒழுங்காக எழுதி வைக்க வேண்டும். சில நாட்களில் எனக்கே நம்ப முடிவதில்லை. அந்த முதியோர் இல்லத்தில், ஜன்னலோர நாற்காலியில், உதட்டுச் சாயம் பூசிக்கொண்டு இருப்பவர் என்னைப் பெற்றவர். பெயர் மெற்றில்டா. பிறந்தது யாழ்ப்பாணம். கலியாணம் கட்டிப் போனது மலாயாவில் சிரம்பானுக்கு. எனக்கு இரண்டு வயதாக இருக்கும்போது, அங்கே புலிப் படம் எடுக்க வந்த அமெரிக்கக் கூட்டத்தோடு கப்பல் ஏறிவிட்டார். அது படங்கள் பேசாத காலம். ஹொலிவூட்டில் அவருக்கு இனெஸ் மார்வெடோ என்று பெயர் வைத்தார்கள். ஸ்பெயின் தேசத்தில் செவில் நகரத்தில் பிறந்தவர் என்று பத்திரிகைகளில் போட்டார்கள். கறுத்த விழியும் கோபமும் தேவைப்பட்ட இடத்திலெல்லாம் இவரைக் கொண்டுபோய் நிறுத்தினார்கள். பிறகு படம் பேசத் தொடங்கியது. இவருடைய இங்கிலீசைக் கேட்டுவிட்டு, வீட்டுக்குப் போகலாம் என்றார்கள்.

எந்த வீட்டுக்கு? எங்களிடம் வரவில்லை. லண்டனுக்கு வந்து நாடகக் கொட்டகைகளில் மற்ற நடிகைகளுக்கு உடுப்பு மாட்டிவிட்டுக் காலம் தள்ளியிருக்கிறார்.

அப்பா என்னை யாழ்ப்பாணத்தில் தன் தங்கையிடம் விட்டார். அம்மா செத்துப்போனதாகச் சொல்லித்தான் வளர்த்தார்கள். எனக்குக் கலியாணமான பிறகுதான் என்னை வளர்த்த அந்த மாமி உண்மையைச் சொன்னார். எண்பத்து மூன்று கலவரத்துக்குப் பிறகு மகன் பாலேந்திரா என்னை இங்கே லண்டனுக்குக் கூப்பிட்டான். பழைய நாடகக்காரருக்கு உதவுகிற ஒரு சங்கத்தில் விசாரித்து இடத்தைக் கண்டுபிடித்ததும் அவன்தான்.

முதல் நாளே சொன்னேன், நான் உங்கள் மகள் தவநாயகி என்று. இங்கிலீசிலும் சொன்னேன், தமிழிலும் சொன்னேன். அழகாகச் சிரித்தார். "எனக்குப் பிள்ளைகள் இல்லை, டியர்" என்றார். தமிழ் என்றால் என்ன பாஷை என்றும் கேட்டார்.

அன்றிலிருந்து வெள்ளிக்கிழமைதோறும் போகிறேன். ஒரே ஒரு தரம், "ஓம், நீ என்ர பிள்ளைதான்" என்று சொன்னால் போதும். வேறு ஒன்றும் அவரிடம் எனக்கு வேண்டாம்.

21 மார்ச்

இடியப்பத்தை ஸ்பகெட்டி மாதிரி முள்ளுக்கரண்டியில் சுற்றிச் சாப்பிட்டார். சொதியில் ஒரு சொட்டு மிச்சம் வைக்கவில்லை. "இது எந்த நாட்டுச் சாப்பாடு?" என்றார். பாவி.

9 மே, வெள்ளி

இல்லத்து நேர்ஸ் இன்று ஒரு விஷயம் சொன்னாள். அம்மாவுக்கு ஞாபக மறதி ஒன்றும் கிடையாதாம். டொக்டர் வந்து பார்த்துவிட்டு, இந்த வயதுக்கு இப்படி ஒரு மூளையா என்று ஆச்சரியப்பட்டாராம். காலையில் பத்திரிகைக் குறுக்கெழுத்தைப் பேனையால்தான் நிரப்புவாராம். எந்த இயக்குநருக்குப் பொய்ப்பல், எந்தக் கதாநாயகன் குடித்துவிட்டுக் குதிரையிலிருந்து விழுந்தான் — எல்லாம் சொல்வாராம்.

அப்படியென்றால் மறந்தது என்னை மட்டுமா?

இத்தனை நாளும் மறதி என்று நினைத்துத்தான் மனதைத் தேற்றிக்கொண்டேன். மறதி என்றால் மன்னிக்கலாம். நடிப்பு என்றால்?

10 மே

நித்திரை இல்லை.

18 ஜூலை

ஊரில் ஷெல் அடி என்று காலையில் போன் வந்தது. எங்கள் வீட்டுக் கூரையில் ஒரு பக்கம் போய்விட்டதாம். அதை அம்மாவிடம் சொன்னேன். ஏன் சொன்னேன்? அவருடைய கலியாணமும் அந்த வீட்டில்தான் நடந்தது, அதனால். "உங்கள் ஊரில் எப்போதும் இப்படிச் சண்டையா, பாவம்" என்றார். என் கையைத் தட்டிக் கொடுத்தார். பிறகு, எங்கள் செவிலில் ஆரஞ்சுத் தோடம்பழ மரங்கள் தெருவிலேயே நிற்கும் என்று தொடங்கினார்.

சுவரில் அவருடைய பழைய படம் ஒன்று இருக்கிறது. தலையில் கறுப்புச் சல்லாத்துணி, காதோரம் பூ. அந்த மூக்கு என் மூக்கு. பார்க்கிற எவருக்கும் தெரியும். பார்க்கத்தான் அங்கே எவருமில்லை.

3 அக்டோபர், வெள்ளி

இன்று நடந்ததை இன்றே எழுதிவிட வேண்டும். எழுத்து ஒழுங்காக வராது.

பழைய படங்களைப் பற்றி ஆராய்ச்சி செய்கிற மிஸ்டர் விற்றேக்கர் என்பவர், அம்மாவின் பேச்சைப் பதிவு செய்ய இன்று ரேப் ரெக்கோடரோடு வந்திருந்தார். நல்ல மனுஷன், மெதுவாகக் கதைப்பவர். அம்மா காலையிலிருந்தே முகப்பூச்சு, முத்துமாலை என்று அமர்க்களம் செய்திருக்கிறார். நான் போனபோது செவிலில் தகப்பன் குதிரை வளர்த்த கதை ஓடிக்கொண்டிருந்தது. (தாத்தா வட்டுக்கோட்டையில் தபால்காரர்.) மிஸ்டர் விற்றேக்கர் என்னைக் காட்டி, இவர் யார் என்று கேட்டார். அம்மா கண்ணைச் சிமிட்டவில்லை. "கோயில் ஒன்றிலிருந்து வருகிறவர், என்மீது மிகவும் அன்பு" என்றார்.

பிறகு அவர் அம்மாவிடம், உங்களுக்குப் பிள்ளைகள் உண்டா என்று கேட்டார். நான் மடியில் இருந்த சாப்பாட்டுப் பெட்டியை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். அம்மா ஜன்னலைப் பார்த்தார், கொஞ்ச நேரம் எடுத்துக்கொண்டார் — அந்த இடைவெளிகூட நடிப்புத்தான் — "கமராதான் என் பிள்ளை" என்றார்.

மிஸ்டர் விற்றேக்கர் போனதும் கதவைச் சாத்தினேன். என்னென்ன சொன்னேன் என்று முழுதாக ஞாபகமில்லை. எல்லாம் தமிழில். "பெத்த பிள்ளையைப் பக்கத்தில வைச்சுக்கொண்டு அப்பிடிச் சொல்ல உங்களுக்கு வாய் வந்ததோ? அம்மா செத்துப்போனா எண்டு நான் அழுதழுது வளந்தனான், தெரியுமோ? நான் பிள்ளை பெறேக்க, என்ர மனுசன் செத்த நேரம், ஒருத்தி இல்லை எனக்கு! கமராவோ உங்களுக்குக் கஞ்சி காய்ச்சிக் கொண்டு வருகுது?" அவர் முகத்தில் ஒன்றுமே இல்லை. சுவருக்குச் சொன்ன மாதிரி. பெட்டியைத் தூக்கினேன். "நான் போறன்!" என்றேன்.

எங்கள் ஆட்கள் வாசலில் நின்று அந்தச் சொல்லைச் சொல்வதில்லை. எவ்வளவு கோபம் என்றாலும், போய்விட்டுத் திரும்பி வருவேன் என்று "போட்டு வாறன்" தான். போறன் என்பது திரும்பி வராதவர்கள் சொல்வது. அது எனக்குத் தெரியும். தெரிந்துதான் சொன்னேன்.

கதவுப் பிடியில் கை வைத்தேன். பின்னால் அம்மாவின் குரல்.

"போறன் எண்டு சொல்லாதை. போட்டு வாறன் எண்டு சொல்லு."

தமிழ். சுத்தமான யாழ்ப்பாணத் தமிழ். அறுபது வருஷம் எங்கே வைத்திருந்தாரோ, ஒரு துரு இல்லை.

திரும்பிப் பார்த்தேன். பார்த்துக்கொண்டு இருக்கும்போதே முகம் மாறியது. சால்வையை இழுத்துவிட்டுக்கொண்டு, "கதவைச் சாத்திவிட்டுப் போ டியர், குளிர் வருகிறது" என்றார், இங்கிலீசில்.

5 அக்டோபர்

எல்லாம் தெரிந்துதான். நான் யார் என்று முதல் நாளிலிருந்தே தெரிந்துதான்.

பாலேந்திரா சந்தோஷப்படுகிறான். "தமிழில கதைச்சவ எல்லே அம்மா? அது பெரிய விசயம். அடுத்த கிழமை போங்கோ, இன்னும் கதைப்பா" என்கிறான். அவனுக்கு எப்படி விளங்கவைப்பது? அது என்னோடு கதைத்தது இல்லை. தன்னை மறந்து வாயிலிருந்து தவறி விழுந்தது. விழுந்ததை உடனே பொறுக்கி உள்ளே வைத்துக்கொண்டார். முன்பு அவருக்கு என்னை ஞாபகம் இல்லை என்று அழுதேன். இப்போது ஞாபகம் இருக்கிறது என்று அழுகிறேன்.

போகமாட்டேன்.

24 அக்டோபர்

போகவில்லை. இடியப்பம் அவித்தேன். நாங்களே சாப்பிட்டோம்.

7 நவம்பர், வெள்ளி

இல்லத்திலிருந்து போன். நிமோனியாவாம். ஓடினேன். மூக்கில் குழாய், கண் மூடியபடி, உதட்டில் சாயம் இல்லை. சாயம் இல்லாமல் பார்த்தது இன்றுதான். எங்கள் ஊர்க் கிழவி. அவ்வளவுதான்.

கையைப் பிடித்துக்கொண்டு பின்னேரம் முழுக்க இருந்தேன். கோபத்தைத் தேடிப் பார்த்தேன், அதுகூடக் கைக்கு அகப்படவில்லை. எழும்பும்போது காதடியில் குனிந்து, "அம்மா, போட்டு வாறன்" என்றேன். இமை அசையும், விரல் இறுகும் என்று நின்றேன். இன்னொரு தரம் சொன்னேன். ஒன்றும் நடக்கவில்லை.

11 நவம்பர்

அம்மா போய்விட்டார்.

19 நவம்பர்

சேர்ச்சில் எங்களையும் சேர்த்து ஏழெட்டுப் பேர். பாதிரியார், "செவிலின் சூரியனிலிருந்து நம் மழைக்குள் வந்தவர்" என்று சொன்னார். எழும்பிக் கத்த வேண்டும் போலிருந்தது: வட்டுக்கோட்டை ஐயா, வட்டுக்கோட்டை! எங்கள் முறைப்படி மகள் ஒப்பாரி சொல்லி அழுதிருக்க வேண்டும். கோயில்காரி எப்படி அழுவது? கைக்குட்டையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

13 பெப்ரவரி 1987, வெள்ளி

இன்றும் கால் தானாகப் பஸ் தரிப்பிடத்துக்குப் போய்விட்டது. பஸ் வந்தது. ஏறாமல் நின்றேன். டிரைவர் ஏசிவிட்டுப் போனான்.

2 ஜூன் 1991

இந்தக் கொப்பியை எடுத்து நாலு வருஷத்துக்கு மேல். எழுத ஒன்றும் இருக்கவில்லை. எழும்புவதும் படுப்பதும்தான்.

இன்று மிஸ்டர் விற்றேக்கர் போன் எடுத்தார். இல்லத்தில் என் நம்பரைக் கேட்டு வாங்கினாராம். அம்மா நடித்த படங்கள் எல்லாம் எரிந்தும் உக்கியும் போனதாகத்தான் நினைத்திருந்தார்களாம். இப்போது டென்மார்க்கில் ஒரு பண்ணைவீட்டுக் களஞ்சியத்தில் ஒன்று அகப்பட்டிருக்கிறதாம். செப்டம்பரில் லண்டனில் காட்டப் போகிறார்கள். அவரைக் கடைசிக் காலத்தில் பார்த்துக்கொண்டது நீங்கள்தானே, கட்டாயம் வர வேண்டும் என்றார்.

என்ன அலங்காரத்துக்கு?

22 செப்டம்பர் 1991, ஞாயிறு

போனேன். பாலேந்திராதான் இழுத்துக்கொண்டு போனான். ஆற்றங்கரையில் பெரிய தியேட்டர், நிறையச் சனம். திரைக்குக் கீழே ஒருவர் பியானோ வாசித்தார்.

படத்தில் அம்மா சாராயக்கடையில் ஆடுகிற ஸ்பானியப் பெண். பாதியிலேயே கத்திக்குத்து வாங்கிச் செத்துவிடுகிறார். எல்லாம் சேர்த்துக் கொஞ்ச நேரம்தான். ஆனால் அந்தக் கொஞ்ச நேரமும் தியேட்டரில் ஒருவர்கூட இருமவில்லை. கதாநாயகி வெள்ளைப் பொம்மை போல நிற்கிறாள், இவர் ஒரு மூலையில் நின்று தலையைத் திருப்புகிறார், எல்லோரும் இவரைத்தான் பார்க்கிறார்கள். என் மருமகளைவிடச் சின்ன வயது அப்போது அவருக்கு. செத்து விழும்போது பக்கத்திலிருந்த வெள்ளைக்காரக் கிழவி அழுதாள்.

நல்லா நடிச்சிருக்கிறா. அதுதான் எனக்குத் தாங்க ஏலாமல் போச்சுது. ஒண்டுக்கும் உதவாத நடிப்பெண்டால், இதுக்கோ என்னை விட்டுட்டுப் போனனீங்கள் எண்டு இருட்டுக்குள்ள இருந்து பேசியிருப்பன். அதுக்கும் வழி வைக்கயில்லை.

வெளியே வந்ததும் மிஸ்டர் விற்றேக்கர் எங்களை ஒரு பக்கம் கூட்டிக்கொண்டு போனார். இனெஸ் மார்வெடோவைப் பற்றிப் புத்தகம் எழுதி முடித்துவிட்டாராம். ஒன்றே ஒன்று மட்டும் உறுத்துகிறதாம். அவர் ஸ்பெயின்காரியே இல்லை, கிழக்கே எங்கோ ஒரு பிள்ளையை விட்டுவிட்டு வந்தவர் என்று அந்தக் காலத்தில் ஒரு வதந்தி இருந்ததாம். "அச்சுக்குப் போகுமுன் சரியானதைப் போட வேண்டும். உங்களிடம் எப்போதாவது ஏதாவது சொன்னாரா?"

பாலேந்திரா என் தோளில் கை வைத்தான். "சொல்லுங்கோ அம்மா," என்றான். "இப்ப சொல்லுங்கோ."

எத்தனை வருஷமாகக் காத்திருந்த கேள்வி! ஒருவர் கேட்டுவிட்டார். நான் வாயைத் திறந்தால் போதும், புத்தகத்தில் என் பெயர் வரும், அவருடைய மகள் என்று.

"இல்லை," என்றேன். "அவர் செவில் நகரத்தில் பிறந்தவர். அவருக்குப் பிள்ளைகள் இல்லை."

மிஸ்டர் விற்றேக்கர் நன்றி சொல்லிக் கை குலுக்கினார். பாலேந்திரா என்னைக் காரில் ஏற்றி வீட்டுக்குக் கூட்டி வந்தான். வாசலில் காரை நிற்பாட்டிவிட்டுத்தான் கேட்டான்: "ஏன் அம்மா?"

"அவ என்னைக் குடுத்து வாங்கினது அந்தப் பேர் ஒண்டைத்தானே, தம்பி," என்றேன். "அதையும் நான் ஏன் பறிக்க வேணும்?"